வேதரத்தினத்தின் வாக்கு

மிக்கேலம்மாளின் எடை ஒரே மாதத்தில் நாற்பத்தொன்றிலிருந்து பூஜ்யத்துக்கு இறங்கியிருந்தது. உடம்பின் எடையல்ல, ஓட்டின் எடை. மணல்துறை நகராட்சியில் ஏழு வருடங்களாக எடை என்று சொன்னால் அதுதான்.

ஏன் இறங்கியது என்று கேட்கத்தான் அவள் செவ்வாய்க்கிழமை காலையில் நகராட்சி அலுவலகத்தின் மாடியேறி வந்தாள். மாடியில் எடை மேல்முறையீட்டுப் பிரிவு இருந்தது. அதன் அலுவலர் ஜெனோவா. இருவருக்கும் மீனவக் குப்பத்தில் அடுத்தடுத்த தெரு. சின்ன வயதிலிருந்தே ஜெனோவா அவளைச் சித்தி என்றுதான் கூப்பிடுவாள்.

"உக்காருங்க சித்தி."

"உக்கார வரல. இந்தச் சீட்டுல என்ன போட்டிருக்குன்னு படிச்சுச் சொல்லு."

படிக்காமலே ஜெனோவாவுக்குத் தெரியும். இருந்தாலும் வாங்கிப் படித்தாள். 'வினா 112: வடக்குத் தூண்டில் வளைவை அகற்றலாமா? தங்கள் வாக்கின் எடை: 0.00.'

தூண்டில் வளைவு என்பது கடலுக்குள் கல்லைக் கொட்டிக் கொக்கிபோல வளைத்துக் கட்டியிருந்த தடுப்பு. தெற்குத் தெரு வீடுகளைக் கடல் அரிக்காமல் இருக்கக் கட்டினார்கள். வீடுகள் தப்பின. ஆனால் முகத்துவாரத்தில் நீரோட்டம் திருகிக்கொண்டது. திரும்பி வரும் படகுகளை அது கல்லின் மேல் கொண்டுபோய் அடித்தது. மூன்று வருடத்தில் நான்கு பேர் போய்விட்டார்கள். நான்காவது ஆள் ரொசாரி. மிக்கேலம்மாளின் ஒரே மகன், இருபத்தாறு வயது.

"போன மாசம் நாப்பத்தொண்ணு இருந்துச்சே?" என்றாள் மிக்கேலம்மாள்.

"ஆமா சித்தி. அப்ப ரொசாரி..."

"சொல்லு. அப்ப அவன் உசுரோட இருந்தான்."

"ஒவ்வொரு கேள்விக்கும் மிஷின் ரெண்டு கணக்குப் போடும். இது நடந்தா உங்க வாழ்க்கை எப்படி இருக்கும், நடக்கலன்னா எப்படி இருக்கும்னு பத்து வருஷத்துக்குப் பாக்கும். ரெண்டுக்கும் எவ்வளவு வித்தியாசமோ அதான் எடை. வளைவு இருந்தா ரொசாரிக்கு ஆபத்து. அவனுக்கு ஆபத்துன்னா உங்களுக்கும்தான். அதனால அப்ப உங்க எடை ஜாஸ்தி. இப்ப..."

"இப்ப அந்தக் கல்லு இருந்தாலும் ஒண்ணுதான், போனாலும் ஒண்ணுதான். அதானே?"

ஜெனோவா சீட்டை மேசைமேல் வைத்தாள்.

"அது பலி வாங்குனது என் புள்ளய. நான் வந்து கல்லு வேணுமா வேண்டாமான்னு சொல்லக் கூடாதா?"

"மிஷின் நடக்கப்போறத மட்டுந்தான் பாக்கும் சித்தி. நடந்தத பாக்காது."

மறுப்பதற்கு எழுத வேண்டிய காரணம் சீட்டிலேயே அச்சடித்திருந்தது: 'எதிர்வரும் பாதிப்பு இல்லை.' ஊரை விட்டுப் போனவர்கள், தொழிலை மாற்றிக்கொண்டவர்கள் என்று இருநூறு பேருக்குமேல் ஜெனோவா அந்தக் கட்டத்தில் டிக் அடித்திருக்கிறாள். அன்றைக்கும் அடித்தாள். மிக்கேலம்மாள் சீட்டை வாங்கி மடித்து இடுப்பில் செருகிக்கொண்டாள்.

"உன்மேல கோவமில்ல. உனக்குச் சொல்லியிருக்கிறத நீ எழுதுற," என்று சொல்லிவிட்டுப் படியிறங்கிப் போனாள்.

ஜெனோவா இந்த ஏற்பாட்டைக் குறைசொல்லிப் பேசுகிறவள் அல்ல. அதற்குக் காரணம் இருந்தது. எட்டு வருடத்துக்கு முன்னால் குப்பத்துக்கு நேர் எதிரே நிலக்கரி இறக்கும் துறைமுக மேடை கட்ட நகராட்சியில் தீர்மானம் போட்டார்கள். ஊருக்கு உள்ளே இருந்த இருபத்திரண்டு வார்டும் வேண்டும் என்றது. கடலோர வார்டு நான்கும் வேண்டாம் என்றது. இருபத்திரண்டு, நான்கு. அத்தோடு விவகாரம் முடிந்தது. மறியல் செய்தவர்களை வேனில் ஏற்றினார்கள். அதில் ஜெனோவாவின் அண்ணனும் ஒருவன்.

அந்தச் சமயத்தில்தான் அரசாங்கம் ஒரு புது ஏற்பாட்டைச் சோதித்துப் பார்க்க மணல்துறையைத் தேர்ந்தெடுத்தது. அந்த ஏற்பாட்டுக்கு ஆதாரம் ஒரு புத்தகம். பெயர், 'எண்ணிக்கையின் ஏமாற்று'. எழுதியவர் மணல்துறைக்காரரே. அரசுக் கல்லூரியில் அரசியல் கற்பித்து ஓய்வு பெற்ற பேராசிரியர் வேதரத்தினம். புத்தகம் வெளிவந்தபோது அதை வாங்கியவர்களைவிடத் திட்டியவர்கள் அதிகம். ஜனநாயக விரோதி என்று அவர் வகுப்பறைச் சுவரிலேயே எழுதிப் போட்டார்கள். அவர் அந்த எழுத்தை அழிக்கவில்லை; அதிலிருந்த சந்திப்பிழையை மட்டும் திருத்திவிட்டுப் பாடம் நடத்தினாராம். அந்தப் புத்தகத்தின் முதல் வரிகள் ஜெனோவாவுக்கு மனப்பாடம்: 'தலைகளை எண்ணுவது ஆடு மேய்ப்பவரின் வேலை. அரசியலின் வேலை, இடி யார் தலையில் விழப்போகிறது என்று பார்ப்பது.'

அவர் எழுதிய காலத்தில் அதைப் பார்க்க வழி இல்லை. முப்பது வருடம் கழித்து வழி வந்தது. எல்லோர் கையிலும் ஒரு பட்டை. நாடித் துடிப்பு, தூக்கம், போகும் இடம், வேலை, உறவு எல்லாவற்றையும் அது மிஷினுக்குச் சொல்லும். புது ஏற்பாட்டில் வந்த முதல் கேள்வியே நிலக்கரி மேடைதான். ஊருக்குள் இருந்தவர்களுக்கு ஆளுக்கு அரை எடை, கால் எடை. குப்பத்துக்காரர்களுக்கு ஆளுக்குப் பதினைந்து, இருபது. மேடை போயே போய்விட்டது. அன்றைக்கு ஜெனோவா அலுவலகப் படிக்கட்டில் உட்கார்ந்து அழுதாள். அவள் ஆயுளில் குப்பம் ஜெயித்தது அந்த ஒரு தடவைதான்.

வியாழக்கிழமை அந்தப் புத்தகத்தை எழுதியவரே மனுவோடு வந்து நின்றார்.

எழுபத்தொரு வயது. ஒல்லியான, விறைப்பான ஆள். வந்ததும் பிரிவின் பெயர்ப்பலகையைப் பார்த்தார். "மேல்முறையீட்டு பிரிவு இல்லம்மா. ப் போடணும்," என்றார். பிறகு மனுவை நீட்டினார்.

எடையைக் கூட்டச் சொல்லித்தான் எல்லோரும் வருவார்கள். குறைக்கச் சொல்லி ஜெனோவா பார்த்த முதல் மனு அது. 'வினா 113: எடை முறை மணல்துறையில் நிரந்தரமாகத் தொடரட்டுமா?' அடுத்த மாதம் பதினான்காம் தேதி வாக்கெடுப்பு. ஊரில் மற்ற எல்லோருக்கும் அந்தக் கேள்விக்கு எடை ஆறுக்குள்தான் இருந்தது. வேதரத்தினத்துக்கு மட்டும் மூவாயிரத்துத் தொள்ளாயிரத்து ஆறு.

"மிஷின்ல கோளாறு," என்றார் அவர்.

"ரெண்டு தடவ சரிபாத்தாச்சு சார். இந்த முறை தொடர்ந்தா நீங்க ஜெயிச்சவரு. தொடரலன்னா நீங்க எழுதினதெல்லாம் வீண். வேற யாருக்கு சார் இவ்வளவு வித்தியாசம் இருக்கு? முப்பது வருஷமா இதுக்காகச் சண்ட போட்டிருக்கீங்க. வேல உயர்வு போச்சு. உங்க வீட்டம்மா பிரிஞ்சு போனதே..."

"அது எப்படி மிஷினுக்குத் தெரியும்?"

"நீங்களே ஒரு கட்டுரையில எழுதியிருக்கீங்க சார்."

வேதரத்தினம் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "சரி, எனக்கு வேண்டாம். ஒண்ணாக்கிடுங்க."

"எடையைத் துறக்க முடியாது சார். பாதிப்பைத் துறக்க முடியாது, அதனால எடையையும் துறக்க முடியாது. ஒன்பதாம் விதி. உங்க புத்தகத்துல நூத்திநாப்பதாம் பக்கத்துலேர்ந்து எடுத்ததுதான்."

"எனக்கே பக்கம் சொல்றீங்களா?"

"தப்பா சார்?"

"நூத்திநாப்பத்தொண்ணு." நாற்காலியை இழுத்து உட்கார்ந்தார். "ஊர்ல பாதிப் பேர் தொடரட்டும்ங்கறான், பாதிப் பேர் வேண்டாங்கறான். நடுவுல நாலாயிரத்தைக் கையில வெச்சுக்கிட்டு நான் நிக்கறேன். இதுக்குப் பேரு என்ன தெரியுமா? ராஜா. ராஜாக்களைத் திட்டி நான் ரெண்டு அத்தியாயம் எழுதியிருக்கேன்."

ஜெனோவாவுக்குச் சிரிப்பு வந்தது. ஆனால் இரண்டு நாளாக மனசில் கிடந்தது முந்திக்கொண்டது. மிக்கேலம்மாள் விஷயத்தைச் சொன்னாள். அவர் தயங்காமல் பதில் சொன்னார்.

"மிஷின் செஞ்சது சரிதாம்மா. முடிவுங்கறது இனிமே வரப்போறதைப் பத்தினது. இழந்தவங்களுக்கு அனுதாபம் காட்டலாம், உதவி செய்யலாம். ஓட்டுல எடை குடுக்க முடியாது."

"அதை அவங்ககிட்ட நேர்ல சொல்லுவீங்களா சார்?"

குத்தலாகத்தான் கேட்டாள். ஆனால் அவர் எழுந்துவிட்டார். "ஏன் சொல்ல மாட்டேன்? வீடு எங்க?"

மிக்கேலம்மாள் கடற்கரையில் கருவாடு காயப்போட்டுக்கொண்டிருந்தாள். ரொசாரி போன பிறகு ஊருக்குள் மீன் கூடை தூக்கிப்போவதை விட்டிருந்தாள். வேதரத்தினம் தோல் செருப்போடு மணலில் கால் புதையப் புதைய வந்து நின்றார். பின்னால் ஜெனோவா.

"அய்யாதான் அந்த மிஷினக் கண்டுபிடிச்சவங்களா?" என்றாள் மிக்கேலம்மாள், மீனைப் புரட்டிக்கொண்டே.

"மிஷினை நான் கண்டுபிடிக்கலம்மா. புத்தகம் எழுதினேன்."

"என்ன எழுதுனீங்க?"

"யாருக்கு வலிக்குமோ அவங்க பேச்சுக்குத்தான் மதிப்பு ஜாஸ்தி இருக்கணும்னு எழுதினேன்."

அவள் நிமிர்ந்து அவரைப் பார்த்தாள். "நல்லாத்தானே எழுதியிருக்கீங்க." மறுபடி குனிந்தாள். "வலிக்கும்னு எழுதுன கையோட வலிச்சதுன்னும் சேத்து எழுதியிருக்கலாம்ல?"

"யோசிச்சேம்மா. வலிச்சதை எல்லாம் சேத்தா அதுக்கு முடிவே கிடையாது. பாட்டன் காலத்துப் பகைய எல்லாம் கொண்டுவந்து இன்னிக்கு எடை கேப்பாங்க. ஊரு பழசுலயே நின்னுபோயிடும்."

"இருக்கலாம். அதெல்லாம் எனக்குத் தெரியாது." மிக்கேலம்மாள் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டாள். "எனக்கு நாப்பத்தொண்ணு வேணாங்கய்யா. அது ரொசாரியோடது, அவனோட போவட்டும். எனக்கு ஒண்ணு குடுங்க போதும். பூஜ்யம்னா நான் இந்த ஊர்லயே இல்லன்னுல்ல அர்த்தமாவுது? நான் இருக்கேன்ல? மீனு காயப்போடுறேன்ல?"

அவள் கருவாட்டில் உட்கார வந்த காக்காயை விரட்டினாள். "வெயில்ல நிக்காதீங்கய்யா," என்று மட்டும் சொன்னாள்.

திரும்பி நடக்கும்போது வேதரத்தினம் கேட்டார்: "பூஜ்யம் வாங்கினவங்க எத்தனை பேரு?"

"வளைவுக் கேள்விக்கு அம்பத்து மூணு பேரு சார். வளைவுல புள்ளைய, புருஷன விட்டவங்களும் அதுல இருக்காங்க. பெரியாஸ்பத்திரியில இனி பொழைக்க மாட்டாங்கன்னு படுத்திருக்கிறவங்களுக்கு எல்லாக் கேள்விக்குமே பூஜ்யம்தான்."

"அவங்க யாராவது மனு போட்டாங்களா?"

"ஒருத்தர் போட்டார் சார். பதில் போறதுக்குள்ள இறந்துட்டார்."



அடுத்த ஒரு மாதம் வேதரத்தினம் தன் எடையைக் குறைக்க என்னவெல்லாமோ செய்தார். எடையைத் துறக்கத்தானே முடியாது, பாதிப்பைக் குறைத்துக்கொள்ளலாம் அல்லவா என்பது அவர் வாதம். முதலில் பத்திரிகையில் கட்டுரை எழுதினார்: எடை முறை தொடர்ந்தாலும் தொடராவிட்டாலும் தனக்கு ஒன்றுமில்லை, அந்தப் புத்தகத்துக்கும் தனக்கும் இனிச் சம்பந்தமில்லை என்று. கட்டுரை வந்த அன்று எடை நாலாயிரத்து நானூற்று எண்பதாக ஏறியது. தன் நூலகத்தை அப்படியே கல்லூரிக்குக் கொடுத்தார். நாலாயிரத்துத் தொள்ளாயிரம். மெய்ப்பு பார்த்து வைத்திருந்த புதுப் பதிப்பை நிறுத்தச் சொல்லிப் பதிப்பகத்துக்குக் கடிதம் போட்டார். ஐயாயிரத்து இருநூறு.

ஜெனோவா போனில் சொன்னாள்: "விடுங்க சார். அக்கறை இல்லன்னு நீங்க சொல்லச் சொல்ல ஏறுது. நீங்க தூங்குறதே இல்ல போலருக்கு. பட்டை எல்லாத்தையும் சொல்லிடும்."

"தூக்க மாத்திரை போட்டா?"

"எதுக்குப் போட்டீங்கன்னு கேக்கும் சார்."

செய்தி வெளியே கசிந்தது. வேதரத்தினத்தின் வீட்டுக்கு ஆள்வரத்து அதிகமாயிற்று. வாழ்நாள் முழுக்க அவரை எதிர்த்துக் கோஷம் போட்ட கட்சிக்காரர்கள் பழத் தட்டோடு வந்தார்கள். நிலக்கரிக் கம்பெனிக்கு வேண்டியவர்கள் சால்வையோடு வந்தார்கள். கடைசியில் குப்பத்திலிருந்து பங்குத்தந்தையைக் கூட்டிக்கொண்டு பெரியவர்கள் பத்துப் பேர் வந்தார்கள். அவர்களோடு ஜெனோவாவும் வந்தாள். அலுவலராக அல்ல, குப்பத்துக்காரியாக.

மற்றவர்கள் பேசி முடித்துக் கிளம்பிய பிறகு அவள் மட்டும் நின்றாள்.

"இந்த முறை போயிட்டா ஆறே மாசத்துல நிலக்கரி மேடை திரும்பி வரும் சார். எங்க நாலு வார்டும் சேந்து கத்தினாலும் கேக்க ஆளிருக்காது. எங்களுக்கு இது ஒண்ணுதான் இருக்கு."

"மிக்கேலம்மாளுக்கு?"

ஜெனோவா தரையைப் பார்த்தாள். "ஆயிரத்து நூறு குடும்பம் சார் நாங்க."

"அப்ப நீங்களும் தலையைத்தான் எண்ணறீங்க," என்றார் வேதரத்தினம். கேலியாகச் சொல்லவில்லை. களைத்துப்போய்ச் சொன்னார்.

பதினான்காம் தேதி வாக்கெடுப்பு நடந்தது. ஜெனோவா 'தொடரட்டும்' என்ற பொத்தானை அழுத்தினாள். அன்று வேதரத்தினத்தின் எடை ஐயாயிரத்து அறுநூற்று முப்பத்தொன்று. காலை ஒன்பது மணிக்குக் குடையோடு நடந்து வந்து, வரிசையில் நின்று, உள்ளே போய், ஒரு நிமிடத்துக்குள் வெளியே வந்துவிட்டார் என்று அந்தச் சாவடியில் இருந்தவர்கள் சொன்னார்கள்.

மாலை ஐந்து மணிக்கு முடிவு வந்தது. தொடரட்டும்: பதினாலாயிரத்து நூற்றெழுபத்து நான்கு. வேண்டாம்: பதினேழாயிரத்து இருநூற்று இருபத்தாறு. எடை முறை தோற்றது.

ரகசிய வாக்குதான். ஆனால் வார்டு வாரியாக எடையைப் போட்டுக் காட்டுவது வழக்கம். வேதரத்தினம் இருந்த ஏழாம் வார்டில் மட்டும் 'வேண்டாம்' பக்கத்தில் ஆறாயிரத்துக்கு மேல் விழுந்திருந்தது. அவரைக் கழித்துவிட்டால் அந்த வார்டு மொத்தத்துக்குமே இரண்டாயிரம் எடை கிடையாது. அவர் ஒருவர் மாற்றிப் போட்டிருந்தால் முடிவே மாறியிருக்கும். ஊருக்குக் கணக்குப் புரிய அரை மணி நேரம் ஆகவில்லை.

மறுநாள் காலை ஜெனோவா போனபோது அவர் வீட்டு ஜன்னல் கண்ணாடி உடைந்திருந்தது. அவர் சிமெண்டுத் தரையில் குந்தி உட்கார்ந்து துண்டுகளைப் பொறுக்கிக்கொண்டிருந்தார். புத்தகம் இல்லாத அலமாரிகள் சுற்றிலும் நின்றன.

"ஒரே ஆளா நின்னு முடிவு பண்ணிட்டீங்களே சார்," என்றாள். கோபத்தில் குரல் உடைந்தது. "முப்பதாயிரம் பேரு ஊரு."

"ஆமா. யாருக்கு அதிகப் பாதிப்போ அவன் முடிவு பண்ணினான். என் கொள்கை சரியா வேலை செஞ்சிருக்கு."

"விளையாடாதீங்க."

"விளையாடலம்மா. நெஜமாத்தான் சொல்றேன். தலையை எண்றது முட்டாள்தனம்னுதான் இப்பவும் நினைக்கறேன். உங்க நாலு வார்டும் தோக்கும். அதுவும் எனக்குத் தெரியும்."

"அப்பறம் ஏன் சார்?"

அவர் கண்ணாடித் துண்டுகளை முறத்தில் போட்டுவிட்டு நிமிர்ந்தார். "மிஷின் தப்புப் பண்ணியிருந்தா நான் தொடரட்டும்னு ஓட்டுப் போட்டிருப்பேன். திருத்திக்கலாம்னு. ஆனா அந்தம்மா விஷயத்துல அது தப்பே பண்ணல. அந்தக் கல்லு இனிமே அவங்களை ஒண்ணும் செய்யாதுங்கறது சத்தியம். எடை போடறவனுக்கு நீ யாருன்னு நல்லாத் தெரியும். தெரிஞ்சு, யோசிச்சு, நியாயமா, உன்னை ஒதுக்கிடுவான். வெறும் தலையை எண்றவனுக்கு நீ யாருன்னே தெரியாது. தெரியாததால அவனால உன்னை ஒதுக்க முடியாது. அந்த அறியாமைக்குள்ள ஒரு இடம் இருக்கும்மா. நான் அதைக் கவனிக்கல."

"இத எழுதியிருக்கலாமே. ஊருக்குச் சொல்லியிருக்கலாமே."

"சொல்லியிருந்தா என் எடை இன்னும் ஏறியிருக்கும்," என்றார் அவர்.

ஜெனோவாவுக்கு அவர்மேல் இருந்த கோபம் அப்படியேதான் இருந்தது. ஆனாலும் மூலையில் கிடந்த துடைப்பத்தை எடுத்து, அவர் கண்ணில் படாத சில்லுகளைப் பெருக்கிக் கூட்டிவிட்டுத்தான் கிளம்பினாள்.

எடை மேல்முறையீட்டுப் பிரிவைக் கலைத்தார்கள். கைப்பட்டைகளைத் திரும்ப வாங்கினார்கள். ஜெனோவாவைத் தேர்தல் பிரிவுக்கு மாற்றினார்கள். தூண்டில் வளைவுக் கேள்வி முடிவு காணாமல் நின்றுபோயிருந்ததால் நான்கு மாதம் கழித்து அதையே மறுபடி ஓட்டுக்கு விட்டார்கள். இந்தத் தடவை ஆளுக்கு ஒன்று, காகிதச் சீட்டு, முத்திரை. குப்பத்துப் பள்ளிக்கூடச் சாவடிக்கு ஜெனோவாதான் பொறுப்பு.

மிக்கேலம்மாள் பதினோரு மணிக்கு வந்தாள். வெளுத்த புடவை கட்டியிருந்தாள். விரலில் மையை வைத்தபோது ஜெனோவா அவள் முகத்தைப் பார்க்கவில்லை. பார்த்தால் பேச வேண்டியிருக்கும். சாவடிக்குள் பேசக் கூடாது. மறைப்புக்குப் பின்னால் போனவள் வெகுநேரம் வெளியே வரவில்லை. ஏஜெண்டுகள் முணுமுணுத்தார்கள். பிறகு வந்து சீட்டைப் பெட்டியில் போட்டாள். போட்ட பிறகும் சீட்டு உள்ளே விழுந்துவிட்டதா என்று துவாரத்தைக் குனிந்து பார்த்தாள்.

முடிவு மறுநாள் வந்தது. வளைவை அகற்றலாம் என்றவர்கள் ஆறாயிரத்து முந்நூற்றுச் சொச்சம். வேண்டாம் என்றவர்கள் பத்தொன்பதாயிரம். தெற்குத் தெரு வீடுகளுக்காக ஊரே சேர்ந்து போட்டிருந்தது. அதே வாரம் நிலக்கரி மேடைக் கோப்பை மேலதிகாரி தூசி தட்டி எடுத்ததாகவும் அலுவலகத்தில் பேசிக்கொண்டார்கள்.

ஜெனோவா நேரே மிக்கேலம்மாளின் வீட்டுக்குப் போனாள்.

"தோத்துட்டோம் சித்தி."

"தெரியும். மைக்குல சொன்னாங்க." மிக்கேலம்மாள் மீன் கூடையைக் கவிழ்த்துப் போட்டுத் தட்டிக்கொண்டிருந்தாள். "எவ்வளவுல?"

"பன்னெண்டாயிரத்துக்கு மேல."

"என் ஓட்ட எண்ணுனீங்கல்ல?"

"எண்ணினோம்."

"அது போதும்னு சொல்ல மாட்டேன்," என்றாள் மிக்கேலம்மாள். "அந்தக் கல்லு அங்கதான் கிடக்கு. நாளைக்கும் நாலு புள்ளைங்க அந்தப் பக்கமாத்தான் வரும். அடுத்த ஓட்டு எப்ப?"

"மனு குடுத்தா ரெண்டு வருஷம் கழிச்சு மறுபடி கேக்கலாம்னு விதி இருக்கு."

"ரெண்டு வருஷம்." அவள் யோசித்தாள். "ஊருக்குள்ள ஒரு நாளைக்கு எத்தன வீட்டுக்கு மீன் குடுப்பேன் தெரியுமா, முன்னல்லாம்? நாப்பது வீடு. இவ்வளவு நாளும் யாருகிட்டப் பேசி என்ன ஆவப்போகுது, எடை போடுறது மிஷினுதானேன்னு இருந்துட்டோம்."

மறுநாள் காலை ஜெனோவா ஸ்கூட்டரில் அலுவலகம் போகும் வழியில் மிக்கேலம்மாளைப் பார்த்தாள். தலையில் கூடையோடு நடந்துகொண்டிருந்தாள். வழக்கமாகச் சந்தைப்பக்கம் திரும்பும் இடத்தில் திரும்பாமல் தெற்குத் தெருவுக்குள் போனாள். வளைவுத் தகராறால் குப்பத்துக்காரர்கள் அந்தத் தெருவில் கால் வைத்து ஒரு வருடமாகியிருந்தது. ஜெனோவா வண்டியை நிறுத்தி ஒரு காலைத் தரையில் ஊன்றிக்கொண்டாள்.

முதல் வீட்டு கேட்டில் மிக்கேலம்மாள் நின்று குரல் கொடுத்தாள். நைட்டியின் மேல் துண்டு போட்ட ஒரு நடுவயதுப் பெண் வந்தாள். கூடையைப் பார்த்து, "மீன் வேண்டாம்," என்றாள். பிறகு முகத்தைப் பார்த்தாள்.

"நீங்க ரொசாரியோட அம்மாதானே?"

"ஆமாம்மா."

அந்தப் பெண் தெருவின் இரண்டு பக்கமும் ஒரு தடவை பார்த்தாள். பிறகு கேட்டின் கொக்கியை எடுத்துவிட்டு, "உள்ள வாங்க," என்றாள்.